வெங்காய ஸ்டேக்

வெங்காய ஸ்டேக் என்பது, தடித்த துண்டமாக வெட்டிய மாட்டிறைச்சியை மிகுந்த சூட்டில் விரைவாக வாட்டி, மிதமான சூட்டில் நெடுநேரம் வதக்கிப் பழுப்பாக்கிய வெங்காயத்துடன் பரிமாறும் ஒரு மேற்கத்திய உணவு ஆகும். ஐரோப்பா, வட அமெரிக்கா, தென் அமெரிக்கா ஆகிய பகுதிகளில் இதன் பல வகைகள் வீடுகளிலும் உணவகங்களிலும் சமைக்கப்படுகின்றன. இறைச்சி, வெங்காயம், கொழுப்பு, உப்பு ஆகிய நான்கே இதன் அடிப்படைப் பொருட்கள். எனினும் இவ்வுணவின் இரு பகுதிகளுக்கும் நேர்மாறான சமையல் முறைகள் தேவைப்படுகின்றன. இறைச்சிக்குச் சில நிமிடங்கள் போதும். வெங்காயத்துக்கு ஏறத்தாழ முக்கால் மணிநேரம் வேண்டும்.

பெயர்

ஸ்டேக் என்னும் ஆங்கிலச் சொல், வாட்டிய இறைச்சியைக் குறிக்கும் பழைய நோர்சு மொழிச் சொல்லான ஸ்டெய்க் என்பதிலிருந்து வந்தது. ஆங்கிலத்தின் பீஃப்ஸ்டேக் என்னும் கூட்டுச்சொல் பிரெஞ்சில் பிஃப்டெக் எனவும், எசுப்பானியத்தில் பிஸ்டெக் எனவும் திரிந்தது. தசைநார்களுக்குக் குறுக்காக, பொதுவாக 2 முதல் 4 செ.மீ. தடிப்பில் வெட்டப்படும் துண்டமே ஸ்டேக் எனப்படுகின்றது.

வரலாறு

18ஆம் நூற்றாண்டு இங்கிலாந்தில் ஸ்டேக் ஒரு தேசிய உணவாகவே கருதப்பட்டது. 1735ல் ஜான் ரிச் என்னும் நாடக அரங்க உரிமையாளர் இலண்டன் கோவன்ட் கார்டனில் தொடங்கிய பீஃப்ஸ்டேக் கழகத்தின் கூட்டங்கள், ஸ்டேக் விருந்தை மையமாகக் கொண்டே நடைபெற்றன. இக்கழகம் 1867 வரை நீடித்தது.

இறைச்சியையும் வெங்காயத்தையும் சேர்த்துச் சமைக்கும் வழக்கம் பல நாடுகளில் தனித்தனி உருவம் பெற்றுள்ளது.

- பிஸ்டெக் என்செபொய்யாடோ: இலத்தீன் அமெரிக்க நாடுகளில் வழங்குவது. என்செபொய்யாடோ என்பதற்கு வெங்காயம் இட்டது என்று பொருள்.
- ட்ஸ்வீபெல்ரோஸ்ட்பிராட்டன்: ஆஸ்திரியாவிலும், செருமனியின் சுவாபியப் பகுதியிலும் வழங்குவது. வறுத்த வெங்காயத்தை இறைச்சியின் மேல் குவித்துக் குழம்புடன் பரிமாறுவர்.
- பிஸ்டெக்: பிலிப்பைன்சு நாட்டு வகை. சோயா சாறும் கலமான்சி என்னும் சிறு எலுமிச்சை வகையின் சாறும் சேர்க்கப்படும். வெங்காய வளையங்கள் மேலே இடப்படும்.
- லோமோ சல்தாடோ: பெரு நாட்டில் சீனக் குடியேறிகளின் சமையல் தாக்கத்தால் உருவானது. இறைச்சியை நீளத் துண்டுகளாக்கி வெங்காயம், தக்காளி ஆகியவற்றுடன் வறுப்பர்.
- சீஸ்ஸ்டேக்: ஐக்கிய அமெரிக்காவின் பிலடெல்பியா நகரில் 1930களில் உருவான ரொட்டி உணவு. மெல்லியதாகச் சீவிய இறைச்சியும் வதக்கிய வெங்காயமும் நீள ரொட்டியினுள் வைக்கப்படுகின்றன.

இறைச்சியைத் தேர்ந்தெடுத்தல்

விலங்கு குறைவாகப் பயன்படுத்தும் தசைகள் மென்மையாகவும், அதிகம் பயன்படுத்தும் தசைகள் கடினமாகவும் இருக்கும். முதுகெலும்பை ஒட்டிய பகுதிகளே விரைவாக வாட்டுவதற்கு ஏற்றவை. விலாப் பகுதியிலிருந்து வரும் ரிப்-ஐ கொழுப்பு மிகுந்தது. முதுகெலும்பின் உட்புறத்திலுள்ள டெண்டர்லாயின் மிக மென்மையானது. ஆனால் கொழுப்பும் சுவையும் சற்றுக் குறைந்தது. சர்லாயின் என்னும் பெயர் இடத்துக்கு இடம் வேறுபடுகின்றது: பிரித்தானியாவில் அது முதுகின் பின்பகுதியையும், அமெரிக்காவில் அதற்கும் பின்னாலுள்ள இடுப்புப் பகுதியையும் குறிக்கும். கால், கழுத்துப் பகுதி இறைச்சிகளில் கொலாஜன் என்னும் இணைப்புப் புரதம் மிகுதி. இது ஜெலட்டினாக இளகப் பல மணிநேரம் தேவைப்படுவதால், அப்பகுதிகளை ஸ்டேக்காக வாட்டினால் மெல்ல முடியாதபடி கடினமாகிவிடும்.

வெங்காயம் பழுப்பாதல்

வெங்காயத்தில் ஏறத்தாழ 89 விழுக்காடு நீரும், 4 விழுக்காடு அளவில் குளுக்கோசு, பிரக்டோசு, சுக்ரோசு ஆகிய சர்க்கரைகளும் உள்ளன. பச்சை வெங்காயத்தில் இச்சர்க்கரையின் இனிப்பை உணர முடியாமைக்கு அதன் காரமே காரணம். வெங்காயத்தை வெட்டும்போது உயிரணுக்கள் சிதைந்து, நொதியங்கள் கந்தகச் சேர்மங்களுடன் வினைபுரிகின்றன. கண்ணீரை வரவழைக்கும் சேர்மத்தை உருவாக்கும் நொதியத்தை யப்பானிய ஆய்வாளர்கள் 2002ல் கண்டறிந்து அறிவித்தனர். சூடேறும்போது நொதியங்கள் செயலிழக்கின்றன. காரச் சேர்மங்களும் ஆவியாகியோ மாற்றமடைந்தோ நீங்குகின்றன. நீர் வற்றுவதால் சர்க்கரையின் செறிவும் உயர்கின்றது.

இவ்வாறு வதக்கிய வெங்காயம் பொதுவாகக் கேரமல் வெங்காயம் எனப்பட்டாலும், இங்கு நிகழ்வது கேரமலாதல் மட்டும் அன்று. கேரமலாதல் என்பது சர்க்கரை தனித்துச் சிதைந்து பழுப்பாவது. சுக்ரோசில் இது ஏறத்தாழ 160 °செ. அளவில் நிகழ்கின்றது. சர்க்கரையும் அமினோ அமிலங்களும் சேர்ந்து பழுப்பு நிறத்தையும் மணத்தையும் தருவது மயார் வினை எனப்படும். வெங்காயத்தில் இவ்விரண்டும் இருப்பதால் மயார் வினைக்கு இங்கு முக்கிய பங்கு உண்டு. இவ்வினையைப் பிரெஞ்சு அறிவியலாளர் லூயி கமீல் மயார் 1912ல் விவரித்தார். அமெரிக்க வேதியியலாளர் ஜான் ஹாட்ஜ் 1953ல் அதன் படிநிலைகளை ஒழுங்குபடுத்தி விளக்கினார்.

நேரம் ஏன் தேவைப்படுகின்றது?

பல சமையற் குறிப்புகள் வெங்காயம் பத்து நிமிடங்களில் பழுப்பாகிவிடும் எனக் கூறுகின்றன. இது சரியன்று என்பதை ஓர் எளிய கணக்கின் மூலம் அறியலாம்.

500 கிராம் வெங்காயம் வற்றி 150 கிராம் ஆவதாகக் கொள்வோம். வெளியேற வேண்டிய நீர் 350 கிராம். கொதிநிலையில் ஒரு கிராம் நீரை ஆவியாக்க ஏறத்தாழ 2.26 கிலோயூல் ஆற்றல் வேண்டும். ஆகவே இதற்கு மட்டும் சுமார் 790 கிலோயூல் தேவை. வெங்காயத்தை 25 °செ. இலிருந்து 100 °செ. வரை சூடாக்க மேலும் சுமார் 145 கிலோயூல் ஆகும். மொத்தம் ஏறத்தாழ 935 கிலோயூல். மிதமான தீயில் வெங்காயத்துக்குள் சேரும் வெப்பம் 400 வாட் எனக் கொண்டால், இதற்கு 39 நிமிடங்கள் பிடிக்கும். இதையே பத்து நிமிடங்களில் முடிக்க ஏறத்தாழ 1,560 வாட் வெப்பம் இடைவிடாது உட்செல்ல வேண்டும். அவ்வளவு சூட்டில் உட்புறம் வற்றுமுன்னரே அடிப்பகுதி கருகிவிடும். நீர் இருக்கும்வரை வெங்காயத்தின் வெப்பநிலை 100 °செ. அளவைத் தாண்டாது என்பதும், பழுப்பாதல் அதற்கு மேலேயே விரைவாக நிகழும் என்பதும் இங்கு நினைவுகொள்ளத் தக்கவை.

ஒரு சிட்டிகை சமையல் சோடா சேர்த்தால் காரத்தன்மை கூடி மயார் வினை விரைவுபடும். ஆனால் வெங்காயம் குழைந்துவிடும். அளவு மிகுந்தால் சவர்க்காரச் சுவையும் தோன்றும்.

இறைச்சியை வாட்டுதல் பற்றிய தவறான கருத்து

மிகுந்த சூட்டில் வாட்டினால் இறைச்சியின் மேற்பரப்பு மூடிக்கொண்டு சாறு உள்ளேயே தங்கிவிடும் என்ற கருத்து பரவலாக உள்ளது. இதனைச் செருமானிய வேதியியலாளர் யுஸ்டுஸ் ஃபொன் லீபிக் 1847ல் வெளியிட்ட நூல் பரப்பியது. பிற்காலச் சோதனைகள் இதனை மறுத்தன. அமெரிக்க எழுத்தாளர் ஹெரால்டு மெக்கீ 1984ல் வெளியிட்ட உணவு அறிவியல் நூல் இம்மறுப்பைப் பரவலாக அறியச் செய்தது. வாட்டிய பின்னரும் சட்டியில் எழும் சீறல் ஒலியே, இறைச்சியிலிருந்து நீர் தொடர்ந்து வெளியேறிக் கொதிப்பதற்குச் சான்றாகும். அதிக சூட்டில் வாட்டுவதன் உண்மையான பயன், மயார் வினையால் உண்டாகும் பழுப்பு மேலோடும் அதன் சுவையுமே. மேற்பரப்பில் ஈரம் இருந்தால் வெப்பம் அதனை ஆவியாக்குவதிலேயே செலவாகும் என்பதால், வாட்டுமுன் ஈரத்தை ஒற்றியெடுத்தல் இன்றியமையாதது.

ஸ்டேக்கை வெட்டும்போது கசியும் சிவப்பு நீர்மம் குருதி எனப் பலர் எண்ணுகின்றனர். அது மையோகுளோபின் என்னும் தசைப் புரதம் கலந்த நீராகும்.

வேக்காட்டு அளவுகள்

ஸ்டேக்கின் நடுப்பகுதி வெப்பநிலையைக் கொண்டு வேக்காடு பின்வருமாறு வகைப்படுத்தப்படுகின்றது. நூலுக்கு நூல் இவ்வெல்லைகள் சிறிது வேறுபடும்.

- ரேர்: 49–52 °செ.; நடுப்பகுதி சிவப்பு
- மீடியம் ரேர்: 54–57 °செ.; இளஞ்சிவப்பு, மென்மை
- மீடியம்: 60–63 °செ.; வெளிறிய இளஞ்சிவப்பு
- மீடியம் வெல்: 65–69 °செ.; சிவப்பின் சாயல் மட்டும்
- வெல் டன்: 71 °செ. அளவும் அதற்கு மேலும், முழுதும் பழுப்பு

அடுப்பிலிருந்து எடுத்த பின்னரும் வெளிப்புற வெப்பம் உள்நோக்கிப் பரவுவதால், தடித்த துண்டத்தின் நடு வெப்பநிலை மேலும் சுமார் 3 °செ. உயரக்கூடும். ஆகவே வேண்டிய அளவுக்குச் சற்று முன்னரே எடுத்துவிட வேண்டும்.

பாதுகாப்பு

முழுத் துண்டமான இறைச்சியில் நோய் நுண்ணுயிர்கள் பெரும்பாலும் மேற்பரப்பிலேயே இருக்கும். வாட்டும்போது அவை அழிகின்றன. அரைத்த இறைச்சியில் மேற்பரப்பு உட்பகுதியுடன் கலந்துவிடுவதால் இது பொருந்தாது. 1993ல் ஐக்கிய அமெரிக்காவின் மேற்குப் பகுதியில், சரியாக வேகாத அரைத்த மாட்டிறைச்சியை உண்டதால் ஈ. கோலை ஓ157:எச்7 நுண்ணுயிர் தொற்றி எழுநூறுக்கும் மேற்பட்டோர் நோயுற்றனர். நான்கு குழந்தைகள் இறந்தனர். மென்மையாக்குவதற்காக ஊசிகளால் துளையிடப்பட்ட ஸ்டேக்கிலும் நுண்ணுயிர்கள் உட்செல்லக்கூடும். கனடா 2014 முதல் இத்தகைய இறைச்சிக்கு அடையாளச் சீட்டைக் கட்டாயமாக்கியது.

அமெரிக்க வேளாண்மைத் துறை, முழுத் துண்டங்களுக்கு 63 °செ. வெப்பநிலையையும் மூன்று நிமிட ஓய்வையும், அரைத்த இறைச்சிக்கு 71 °செ. வெப்பநிலையையும் பரிந்துரைக்கின்றது. ரேர், மீடியம் ரேர் ஆகியவை இவ்வளவுக்குக் கீழானவை. கருவுற்ற பெண்கள், சிறு குழந்தைகள், முதியோர், நோயெதிர்ப்பு குன்றியோர் ஆகியோர் அவற்றைத் தவிர்ப்பது நல்லது. நிறத்தை மட்டும் கொண்டு வேக்காட்டை முடிவு செய்வது நம்பத்தக்கதன்று. உணவு வெப்பமானியைப் பயன்படுத்த வேண்டும்.

தேவையான பொருட்கள் (இருவருக்கு)

- 2.5 செ.மீ. தடிப்புள்ள ஸ்டேக் – 2 (ஒவ்வொன்றும் சுமார் 250 கிராம்)
- பெரிய வெங்காயம் – 500 கிராம்
- வெண்ணெய் – 2 மேசைக்கரண்டி
- சமையல் எண்ணெய் – 2 மேசைக்கரண்டி
- உப்பு, மிளகுத்தூள் – தேவையான அளவு
- நீர் அல்லது இறைச்சிச் சாறு – அரைக் குவளை

செய்முறை

1. ஸ்டேக்கின் இருபுறமும் உப்பைத் தடவி, குளிர்சாதனப் பெட்டியில் குறைந்தது 40 நிமிடங்கள் வைக்கவும். உப்பு முதலில் நீரை வெளியே இழுக்கும். பின்னர் அந்நீர் உப்புடன் மீண்டும் உட்செல்லும். நேரம் இல்லையெனில் வாட்டும் தறுவாயில் உப்பிடவும். இடைப்பட்ட நேரத்தில் மேற்பரப்பு ஈரமாகவே இருக்கும்.
2. வெங்காயத்தை மெல்லியதாக, சம அளவில் நீளவாக்கில் நறுக்கவும்.
3. அடி கனத்த வார்ப்பிரும்புச் சட்டியில் ஒரு கரண்டி எண்ணெயும் ஒரு கரண்டி வெண்ணெயும் இட்டு, வெங்காயத்தையும் சிறிது உப்பையும் சேர்த்து மிதமான தீயில் வதக்கவும்.
4. அடியில் பழுப்புப் படிவு தோன்றும்போதெல்லாம் ஒரு கரண்டி நீர் ஊற்றிச் சுரண்டிக் கலக்கவும். சுவையின் பெரும்பகுதி இப்படிவிலேயே உள்ளது. 40 முதல் 50 நிமிடங்களில் வெங்காயம் ஆழ்ந்த பழுப்பு நிறமடையும். அதனைத் தனியே எடுத்து வைக்கவும்.
5. சட்டியைத் துடைத்துவிட்டு நன்கு சூடாக்கவும். ஸ்டேக்கின் ஈரத்தை ஒற்றி எடுத்து, எஞ்சிய எண்ணெயில் இடவும். வெண்ணெய் விரைவில் கருகும் என்பதால் இப்போது சேர்க்கக் கூடாது.
6. நிமிடத்துக்கு ஒருமுறை திருப்பி வாட்டவும். எஞ்சிய வெண்ணெயை இறுதி ஒரு நிமிடத்தில் சேர்க்கவும். விரும்பிய வெப்பநிலையை அடைந்ததும் எடுத்து, ஐந்து நிமிடங்கள் ஆறவிடவும். வெப்பம் உட்செல்லும் நேரம் ஏறத்தாழத் தடிப்பின் இருபடியைப் பொறுத்தது. ஆகவே இருமடங்கு தடித்த துண்டத்துக்கு இருமடங்கு நேரம் போதாது.
7. அதே சட்டியில் நீர் அல்லது இறைச்சிச் சாற்றை ஊற்றி, படிவைக் கரைத்துப் பாதியாக வற்றவிடவும். வெங்காயத்தை அதில் கலந்து சூடாக்கி, ஸ்டேக்கின் மேல் இட்டு, மிளகுத்தூள் தூவிப் பரிமாறவும்.

வேகவைத்த அல்லது வறுத்த உருளைக்கிழங்கு, ரொட்டி ஆகியவற்றுடன் இது உண்ணப்படுகின்றது. எஞ்சும் பழுப்பு வெங்காயத்தைக் குளிர்சாதனப் பெட்டியில் மூன்று, நான்கு நாட்கள் வைத்துப் பயன்படுத்தலாம்.

இவற்றையும் பார்க்கவும்

- வெங்காயம்
- மாட்டிறைச்சி
- மயார் வினை
- கேரமல்
- உணவுப் பாதுகாப்பு