திரைக்குள் ஒரு திடல்

புதுச்சேரிக்கு வடக்கே, கிழக்குக் கடற்கரைச் சாலையை ஒட்டிய பொம்மையார்பாளையத்தில், வலை உலர்த்தவும் படகுகளைக் கரையேற்றி நிறுத்தவும் மீனவர்க்கு இடமளித்து வந்த மணற்பரப்பு, புதுச்சேரித் துறைமுகத்தின் அலைதடுப்புச் சுவர்கள் வடக்கு நோக்கிய மணலோட்டத்தை மறித்ததன் விளைவாகக் கடலரிப்புக்கு இரையாகிச் சுருங்கிய விருத்தாந்தம் பிரசித்தமானது. கரை சுருங்கினால் பந்துதைக்கும் பிள்ளைகளின் திடலும் சுருங்குமன்றோ? கடல் கொண்டுபோக முடியாத வேறொரு திடல், கணினித் திரையில் விரிந்தது; அதன் பூர்வோத்தரத்தைச் சற்றே நோக்குவோம்.

1993 டிசம்பரில், கனடாவில் உருவான 'ஃபிஃபா இன்டர்நேஷனல் சாக்கர்' என்னும் கால்பந்து வீடியோ கேம் வெளிவந்தது. மைதானத்தை மூலைவாட்டில் சாய்த்துக் காட்டியதே அதன் புதுமை. ஆட்டக்காரர் பெயர்களோ முற்றிலும் கற்பனை. முரட்டாட்டம் ஆடியவனுக்கு அட்டை காட்ட நடுவர் நெருங்குகையில், அவனை ஓட்டிக்கொண்டே போனால் நடுவரும் விடாமல் பின்னாலேயே ஓடிவருவார்! இந்த விநோதத்துக்காகவே அதனை ஆடியவர்கள் உண்டு.

எனினும் நம்மவர் அபிமானத்துக்கு அதிகம் உரியது, 1997-இல் வந்த 'ஃபிஃபா 98' என்பதே என் துணிபு. பிரான்ஸில் நடக்கவிருந்த உலகக்கோப்பைக்கான தகுதிச் சுற்று முழுவதையும் தன்னுள் அடக்கி, 172 தேசங்களின் அணிகளைக் கொண்டிருந்த அதில், இந்தியாவும் ஒன்று. மெய்யுலகிலோ, 1950-இல், எதிரணிகள் விலகியமையால் உலகக்கோப்பைக்குப் பிரேசில் செல்லும் வாய்ப்பு தானே வந்தும் போகாமல் நின்றது நம் தேசம். வெறுங்காலுடன் ஆட அனுமதி இல்லாமையே அதற்குக் காரணம் என்னும் கதையைக் காட்டிலும், ஆயத்தத்துக்கு அவகாசமின்மையும் நம் கால்பந்துச் சம்மேளனத்தின் அசிரத்தையுமே உண்மைக்கு நெருங்கியவை. 1998-க்கான மெய்யான தகுதிச் சுற்றிலும் நாம் தொடக்கத்திலேயே வெளியேறினோம். விளையாட்டிலோ, பொறுமையுள்ள எவரும் இந்தியாவைப் பாரிஸ் வரை அழைத்துச் செல்லலாம்.

பிரவுசிங் சென்டர்களில் மணிக்கணக்கில் காசு கொடுத்து, ஒரே கீபோர்டின் ஒருபுறம் ஒருவன் அம்புக்குறிகளையும் மறுபுறம் மற்றொருவன் எழுத்துகளையும் தட்டி, முழங்கைகள் இடித்துக்கொள்ள இத்தகைய ஆட்டங்களை ஆடிய தலைமுறை இன்று நடுவயதை எட்டுகிறது. பிரேசிலையோ பிரான்ஸையோ தேர்ந்தவர்களே பெரும்பாலார். தோற்றுக்கொண்டே இருக்க யார் காசு கொடுப்பார்?

தமிழகத்துக் கழகமொன்று இந்த ஃபிஃபா விளையாட்டு வரிசைக்குள் நுழைய இன்னும் பல்லாண்டு வேண்டியிருந்தது. 2021 அக்டோபரில் வெளியான 'ஃபிஃபா 22'-இல் இந்தியன் சூப்பர் லீக் சேர்க்கப்பட்டபோது, சென்னையின் எஃப்.சி.யும் அதனுள் வந்தது. அதற்கு இரண்டே ஆண்டுகளில், 2023-இல், அவ்வரிசை ஃபிஃபா என்னும் பெயரையே துறந்தது.