நெனே பேசும் மலாய்



போன கிழமை வகுப்பில் ஒரு பிள்ளை பேச்சு வாக்கில் தன் உம்மும்மாவை "நெனே" என்று சொல்லிவிட்டாள். பின்வரிசையில் "ஜாவா, ஜாவா" என்று ஒரே சிரிப்பு. அவர்களை அடக்கிவிட்டு இடைவேளையில் அவளைக் கூப்பிட்டுக் கேட்டேன். "அது சரியான பாஷை இல்ல சேர், உடைஞ்ச மலாய். நெனேக்கு மட்டும்தான் தெரியும்" என்றாள். மற்றவர்களின் கிண்டலைவிட இதுதான் எனக்கு உறுத்தியது. அதனால்தான் இந்த நீண்ட பதிவு. பொறுமையாக வாசியுங்கள்.

முதலில் அந்தப் பாஷை எங்கே சேர்ந்தது என்று பார்ப்போம். மலாய் மொழி ஆஸ்திரோனேசியக் குடும்பத்தைச் சேர்ந்தது. ஆபிரிக்காவுக்குப் பக்கத்தில் உள்ள மடகஸ்காரில் இருந்து பசிபிக்கின் ஈஸ்டர் தீவு வரை ஆயிரத்துக்கு மேற்பட்ட மொழிகள் அந்தக் குடும்பத்தில் உண்டு. மலாயில் ஐந்துக்கு "லிமா", ஹவாயிலும் "லிமா", நியூசிலாந்து மவோரிகளிடம் "ரிமா", மடகஸ்காரில் "டிமி". இத்தனை பெரிய கடல் குடும்பத்தின் ஒரு கிளை நம் மலைநாட்டு வீடுகளில் அடுப்படியில் பேசப்படுகிறது.

ஒல்லாந்தர் ஜாவா, மொலுக்காஸ் போன்ற தீவுகளிலிருந்து சிப்பாய்களையும், நாடு கடத்திய அரச குடும்பத்தவர்களையும், அடிமைகளையும் இங்கே கொண்டுவந்தார்கள். 1796இல் ஆங்கிலேயர் வந்த பிறகும் மலாய்ச் சிப்பாய்களை வைத்துப் படைப்பிரிவு நடத்தினார்கள். 1873இல் சிலோன் ரைபிள் படை கலைக்கப்பட்டது. அதன் பின் பலர் பொலிஸுக்கும் தோட்டத்து வேலைகளுக்கும் போனார்கள். கண்டி, பதுளை, நுவரெலியா பக்கம் மலாய்க் குடும்பங்கள் பெருகியதற்கு அதுவும் ஒரு காரணம். இன்று நாடு முழுக்க நாற்பதாயிரம் பேருக்குக் கொஞ்சம் மேல்தான்.

நாம் "ஜாவா மனிசர்" என்று ஒதுக்கிப் பேசுபவர்கள் செய்ததைப் பாருங்கள். 1869இல் பாபா ஊனூஸ் சல்தீன் கொழும்பிலிருந்து "ஆலமத் லங்காபுரி" என்ற மலாய்ப் பத்திரிகையை வெளியிட்டார். உலகத்தில் முதன்முதலாக வந்த மலாய்ப் பத்திரிகைகளில் அதுவும் ஒன்று. அரபு எழுத்தில் மலாய். அந்த எழுத்துமுறையை இங்கே "குண்டுல்" என்பார்கள். குண்டுல் என்றால் மொட்டை. ஸபர், ஸேர் போடாமல் எழுதுவதால் அந்தப் பெயர். நம் வாப்பும்மாமார் ஓதிய அரபுத்தமிழ் கிதாபுகள் ஞாபகம் வருகிறதா? வேறு மொழி, அதே எழுத்து.

அந்தப் பழைய மலாய்க் கையெழுத்துப் பிரதிகளை 1970களில் வீடு வீடாகத் தேடியவர் நம் நாட்டு வரலாற்றாசிரியர் பி. ஏ. ஹுசைன்மியா. அவருடைய "ஒராங் ரெஜிமென்" 1990இல் வந்தது. பிறகு ரோனித் ரிச்சி என்ற ஆய்வாளர் ஒரே கேள்வி பதில் கிதாபு தமிழ், மலாய், ஜாவா ஆகிய மூன்று மொழிகளிலும் போன பாதையைப் பின்தொடர்ந்து 2011இல் புத்தகம் எழுதினார். தமிழில் அது வண்ணப் பரிமளப் புலவரின் "ஆயிர மசலா", 1572. மலாயில் "ஸெரிபு மஸாலா". ஸெரிபு என்றால் ஆயிரம்.

இப்போது அந்தப் பிள்ளை சொன்ன "உடைஞ்ச மலாய்"க்கு வருகிறேன். மலேசியாவில் "சாயா மாவு நாசி" என்பார்கள். சொல்லுக்குச் சொல் வைத்தால் "நான் வேணும் சோறு". நம் மலைநாட்டு மலாய்க்காரர் "சேடங் நாசி மாவு" என்பார். "எனக்குச் சோறு வேணும்"! வினை கடைசிக்கு வந்துவிட்டது. "சே" என்றால் நான், "டங்" நம் "கு" வேற்றுமை உருபின் வேலையைச் செய்கிறது. மலேசிய மலாயில் இப்படி உருபு ஒட்டும் வழக்கமே இல்லை. மலாய்ச் சொற்கள் நம் இலக்கணத்தைப் போட்டுக்கொண்டு நிற்கின்றன. இது உடைவு இல்லை. ஒழுங்கான விதி. செபஸ்டியன் நோர்டோஃப் என்ற ஜெர்மன்காரர் இந்த மலைநாட்டு மலாய்க்கே முழு இலக்கண நூல் எழுதி 2009இல் ஆம்ஸ்டர்டாமில் கலாநிதிப் பட்டம் பெற்றார்.

யாருடைய இலக்கணம் என்பதில் அறிஞர்களுக்குள் சண்டை உண்டு. சோனகப் பெண்களை மலாய்ச் சிப்பாய்கள் கலியாணம் முடித்ததால் வந்த தமிழ்ச் செல்வாக்கு என்கிறார்கள் ஹுசைன்மியாவும் வேறு சிலரும். உம்பேர்டோ அன்சால்டோ போன்றவர்கள் சிங்களத்துக்கும் சம பங்கு என்கிறார்கள். சிங்களத்திலும் "மட்ட ஓன" என்றுதானே சொல்கிறோம், அதுவும் இதே அமைப்புத்தான். ஆனாலும் ஒரே பள்ளிவாசல், ஒரே கிதாபு என்று இருந்தவர்கள் ஒருவர் பேச்சை ஒருவர் கேட்காமல் இருந்திருப்பார்கள் என்று என்னால் நம்ப முடியவில்லை.

கடனும் ஒருவழி இல்லை. நம் கப்பல் அவர்களிடம் "கபால்", நம் கடை "கெடாய்". அவர்களுடைய சம்பலும் தொதலும் இல்லாமல் நமக்குப் பெருநாள் இல்லை. ரம்புட்டான் என்பதில் ரம்புட் என்றால் முடி. துரியானில் துரி என்றால் முள். சிரித்த பையன்கள் எல்லோரும் அன்றைக்கும் மலாய் பேசித்தான் சாப்பிட்டிருப்பார்கள்.

ஹம்பாந்தோட்டைப் பக்கம் கிரிந்தவில் சின்னப் பிள்ளைகள்கூட வீட்டில் இந்த மலாய்தான் பேசி வளர்ந்தார்கள் என்று ஆய்வாளர்கள் எழுதியிருக்கிறார்கள். மற்ற இடங்களில் தாய் தகப்பன்மார் சிங்களத்துக்கோ தமிழுக்கோ மாறிவிட்டார்கள். ஆர்வம் உள்ளவர்களும் மலேசிய மலாயைப் படிக்கச் சொல்கிறார்கள், அதுதான் "சரியானது" என்று. அதிலே தப்பில்லை. ஆனால் நெனே பேசுவது அது இல்லையே.

கலேவெலயிலும் சுற்றுவட்டத்திலும் வீட்டில் மலாய் பேசும் பெரியவர்கள் இருந்தால் எனக்கு இன்பொக்ஸ் பண்ணுங்கள். அந்தப் பிள்ளை ஃபோனில் தன் நெனேயின் குரலைப் பதிந்துகொண்டு வருவதாகச் சொல்லியிருக்கிறாள். தொதல் கிண்டுவது எப்படி என்று கேட்கச் சொல்லி அனுப்பியிருக்கிறேன்.