முதல் பெண் என்ற முத்திரை

டாக்டர் முத்துலட்சுமி ரெட்டியின் வாழ்க்கையைச் சிறுவர்களுக்குச் சொல்லும் நூல்கள் பெரும்பாலும் ஒரே மாதிரிதான் தொடங்குகின்றன. 1886 ஜூலை 30 அன்று புதுக்கோட்டையில் பிறந்தார்; தந்தை நாராயணசாமி ஐயர், தாய் சந்திரம்மாள். அடுத்த வரியில் பள்ளிக்கூடம் வந்துவிடும். அப்புறம் வரிசையாக ‘முதல்’கள்: முதல் பெண் மருத்துவர், முதல் பெண் சட்டமன்ற உறுப்பினர், அவையின் முதல் பெண் துணைத் தலைவர். இறுதியில் அவ்வை இல்லம், அடையாறு புற்றுநோய் மருத்துவமனை, 1956இல் பத்மபூஷண். வினாடி வினாப் போட்டிக்கு வேண்டியதெல்லாம் இதில் இருக்கிறது. ஆனால் அம்மாவின் பெயருக்கும் பள்ளிக்கூடத்துக்கும் நடுவில் விழும் அந்த முற்றுப்புள்ளியில் அவருடைய அரசியல் முழுவதும் புதைந்து போகிறது. சந்திரம்மாள், பெண்களைக் கோயிலுக்குப் பொட்டுக் கட்டிவிடும் வழக்கமுள்ள குலத்தில் பிறந்தவர். மகாராஜா கல்லூரியின் முதல்வராக இருந்த பிராமணர் ஒருவர் அப்படிப்பட்ட குலத்துப் பெண்ணோடு குடும்பம் நடத்தியதும், அந்த வீட்டுப் பெண் ஆண்கள் படிக்கும் கல்லூரியில் சேர விண்ணப்பித்ததும், பெற்றோர் சிலர் எதிர்த்தபோது மன்னர் மார்த்தாண்ட பைரவத் தொண்டைமான் இடம் கொடுத்ததும் ஒரே கதையின் பகுதிகள். தாயின் குலத்தை மறைத்துவிட்டு மகளின் சாதனையை மட்டும் சொன்னால், பிற்பாடு அவர் சட்டசபையில் எதற்காக அப்படிப் போராடினார் என்பது பிள்ளைகளுக்கு விளங்காது. நல்ல மனசுள்ள ஓர் அம்மா ஏழைகளுக்கு இரங்கினார் என்பதோடு அது முடிந்துபோகும்.

‘முதல்’ என்ற சொல்லை நம்பி எழுதுவதில் இன்னொரு இடரும் இருக்கிறது. அது பல நேரம் உண்மையாகவே இருப்பதில்லை. மேரி ஷார்லீப் உள்ளிட்ட நான்கு பெண்கள் சென்னை மருத்துவக் கல்லூரியில் சேர்ந்தது 1875இல். ஆனந்திபாய் ஜோஷி பென்சில்வேனியாவிலும் காதம்பினி கங்குலி கல்கத்தாவிலும் மருத்துவப் பட்டம் பெற்றது 1886இல், அதாவது முத்துலட்சுமி பிறந்த அதே ஆண்டில். அவர் சென்னை மருத்துவக் கல்லூரியில் நுழைந்தது 1907இல், முடித்து வெளியே வந்தது 1912இல். ஆக இந்தியாவின் முதல் பெண் மருத்துவர் என்ற அடைமொழி அவருக்குப் பொருந்தாது. சட்டமன்ற விஷயத்திலும், பிரிட்டிஷ் இந்தியா என்ற எல்லையைச் சேர்த்துத்தான் சொல்ல வேண்டும். திருவிதாங்கூர் சமஸ்தானத்தில் டாக்டர் மேரி புன்னன் லூக்கோஸ் அவருக்கு முன்பே நியமிக்கப்பட்டிருந்தார். இந்தத் திருத்தங்களால் முத்துலட்சுமியின் பெருமை ஒரு இம்மிகூடக் குறையாது. அவருடைய பெருமை எண் வரிசையில் இல்லை என்பதற்கு இதுவே சான்று. அது இருக்கும் இடம் 1927க்கும் 1930க்கும் இடைப்பட்ட சட்டசபைக் கூட்டங்கள்.

அங்கே அவர் எதிர்கொண்டது வெறும் மூடநம்பிக்கை என்று எண்ணினால் தவறு. பொட்டுக் கட்டுதல் என்பது ஒரு சடங்காக இருந்தது போலவே ஒரு நில ஏற்பாடாகவும் இருந்தது. கோயிலில் ஆடவும் பாடவும் விளக்கெடுக்கவும் கடமைப்பட்ட பெண்ணுக்கு மானிய நிலமோ அதன் வருமானமோ கிடைத்தது. அந்த நிலம் ஊழியத்தோடு பிணைக்கப்பட்டது. ஊழியத்தை விட்டால் நிலம் போய்விடும். ஆகவே ஒவ்வொரு தலைமுறையிலும் குடும்பத்தில் ஒரு சிறுமியாவது பொட்டுக் கட்டிக்கொள்ள வேண்டியிருந்தது. வயது வராத பெண்ணை விபசாரத்துக்கு ஒப்படைப்பதைத் தண்டிக்கும் 372, 373ஆம் பிரிவுகள் இந்திய தண்டனைச் சட்டத்தில் அதன் தொடக்கத்திலிருந்தே இருந்தன. ஆனால் இது தெய்வத்துக்குச் செய்யும் சடங்கு என்று வாதாடி அவற்றிலிருந்து நழுவிவிட முடிந்தது. 1927 நவம்பரில் முத்துலட்சுமி கொண்டுவந்த தீர்மானம் இந்த ஓட்டையை அடைக்கச் சொன்னது. அவை அதை ஏற்றது. 1929இல் இந்து அறநிலையச் சட்டத்தில் வந்த திருத்தம் இன்னும் நுட்பமானது. மானிய நிலத்தை ஊழியத்திலிருந்து அது அறுத்துவிட்டது. கோயிலுக்கு ஒரு தொகையைச் செலுத்திவிட்டு, ஊழியம் செய்யாமலே அந்தப் பெண் நிலத்தை வைத்துக்கொள்ளலாம். ஒரு வழக்கத்தை வைவது எவருக்கும் எளிது. அந்த வழக்கத்தைத் தாங்கி நிற்கும் தூண் எது என்று கண்டு, அதில் கட்டப்பட்ட பெண் தெருவுக்கு வந்துவிடாதபடி தூணை மட்டும் அகற்றுவதற்கு வேறு வகை அறிவு வேண்டும். தேசியவாதிகளில் பெரும்புள்ளியான சத்தியமூர்த்தி அவரை எதிர்த்தார். அவருக்கு முத்துலட்சுமி கொடுத்ததாக ஒரு சூடான பதில் மேடைதோறும் சொல்லப்படுகிறது. கைதட்டல் வாங்கித் தரும் அந்தப் பதிலைவிட, பன்னிரண்டு வயதுப் பிள்ளைக்குச் சொல்லத் தகுந்தது இந்த மானிய நிலத்தின் கதைதான் என்பது என் உறுதியான எண்ணம். கணக்குப் புரிகிற வயதில் அதுவும் புரியும்.

இங்கே எழும் முதல் மறுப்பு தெரிந்ததே: இதையெல்லாம் சின்னப் பிள்ளைகளிடம் எப்படிச் சொல்வது? தாசி என்ற சொல்லையே வீட்டில் உச்சரிக்கத் தயங்கும் பெற்றோரின் கூச்சத்தை நான் அற்பமாக நினைக்கவில்லை. அந்தச் சொல் வசையாகிவிட்ட ஊரில், அந்தக் குலத்தில் பிறந்த பிள்ளையும் அதே வகுப்பில் உட்கார்ந்திருக்கக்கூடும். எழுதுகிறவருக்கு அந்தப் பொறுப்பு இருக்கிறது. ஆனால் வயதைக் காரணம் காட்டும்போது ஒன்றை மறந்துவிடுகிறோம். இந்த வரலாறு நிகழ்ந்ததே சிறுவயதுப் பெண்களுக்குத்தான். பொட்டுக் கட்டப்பட்டவர்கள் சிறுமிகள். 1930இல் முத்துலட்சுமியின் வாசலுக்கு அடைக்கலம் தேடி வந்தவர்களும் இளம்பெண்களே. அவர்களைச் சேர்த்துக்கொள்ள நகரத்து விடுதிகள் தயங்கியதால் தம் வீட்டிலேயே வைத்துக்கொண்டார், அதுவே அவ்வை இல்லம் ஆயிற்று. அதே 1886இல் பிறந்த சகோதரி சுப்புலட்சுமி, தாலி ஏறிய சில மாதங்களில் விதவையானபோது அவருக்குப் பதினொரு வயது இருக்கும். அவர் 1911இல் மாநிலக் கல்லூரியில் பட்டம் பெற்று, மறு ஆண்டே இளம் விதவைகளுக்கு விடுதி தொடங்கியதைப் பாராட்டி எழுதுகிறோம். அந்த விடுதி தொடக்கத்தில் பிராமண விதவைகளுக்கு மட்டுமே உரியதாக இருந்தது என்பதையும் சேர்த்து எழுதலாம், பிள்ளைகள் ஏற்றுக்கொள்வார்கள். அனுபவிக்கும் வயது என்று அன்றைய சமூகம் தீர்மானித்ததை, வாசிக்கும் வயது வரவில்லை என்று நாம் தள்ளிப்போடுவது பிள்ளைகளைக் காப்பதாகாது. உடல் சார்ந்த விவரங்களுக்குள் போகாமலே, ஒரு சிறுமியின் வாழ்க்கையை அவளைக் கேட்காமல் மற்றவர்கள் முடிவு செய்தார்கள் என்று சொல்ல முடியும். அது எந்தப் பிள்ளைக்கும் உடனே உறைக்கும்.

இரண்டாவது மறுப்பு இதைவிடக் கனமானது. போராட்டத்தின் மறுபக்கத்தையும் சொன்னால் பிள்ளைகள் குழம்பிப்போவார்கள், நாயகியின் மீது உள்ள மதிப்புக் குறையும் என்பார்கள். இதற்குப் பெங்களூரு நாகரத்தினம்மாளின் வாழ்க்கையே பதில் சொல்கிறது. அவரும் தேவதாசி மரபில் வந்தவர். தஞ்சை மராட்டியர் காலத்துத் தெலுங்குக் கவி முத்துப்பழனியின் ராதிகா சாந்த்வனமு என்னும் காவியத்தை 1910இல் அவர் முழுமையாகப் பதிப்பித்தார். பெண்ணின் ஆசையைப் பெண்ணே பாடிய நூல் அது. ஆபாசம் என்று அதைக் கண்டித்தவர்களில் முன்னணியில் நின்றவர் வீரேசலிங்கம், விதவை மறுமணத்துக்காக வாழ்நாளைச் செலவிட்ட சீர்திருத்தவாதி. அரசு நூலைத் தடை செய்தது. தடை நீங்க 1947 ஆயிற்று. திருவையாற்றில் தியாகராஜர் சமாதிக்குத் தம் பணத்தைச் செலவழித்துக் கோயில் எழுப்பியதும் இதே நாகரத்தினம்மாள்தான். அங்கே ஆராதனையில் பெண்களைப் பாட விடாததால், 1927இல் பெண்களைத் திரட்டித் தனியே ஆராதனை நடத்தினார். அதே 1927இல்தான் சென்னையில் முத்துலட்சுமியின் தீர்மானம். அந்த முயற்சியை எதிர்த்துத் தேவதாசிகள் அரசுக்கு விண்ணப்பம் அனுப்பியபோது, அவர்கள் பக்கம் நின்றார் நாகரத்தினம்மாள். எங்களை விபசாரிகள் என்று சேர்த்துப் பேசாதீர்கள், எங்கள் குலத்தில் பெண்ணுக்குச் சொத்துண்டு, பெண்ணைத் தத்தெடுக்கும் உரிமையுண்டு, கலையுண்டு, எங்களுக்குக் கல்வி கொடுங்கள், எங்களைக் கேட்காமல் எங்களைப் பற்றிச் சட்டம் போடாதீர்கள் என்பது அவர்கள் வாதத்தின் சாரம். அன்றைய இந்துச் சட்டத்தில் மற்றக் குடும்பங்களின் மகளுக்கு அப்படியொரு சொத்துரிமை இல்லை என்பதை நினைத்துப் பார்த்தால், அந்த வாதத்தைச் சுயநலம் என்று ஒதுக்கிவிட முடியாது.

இரண்டு பெண்கள், இருவரும் பெண்களுக்காகக் கதவைத் தட்டியவர்கள், ஒரே கேள்வியில் எதிரெதிரே நின்றார்கள். யார் சரி என்று என்னைக் கேட்டால், பொட்டுக் கட்டுவதைத் தடை செய்ததில் முத்துலட்சுமியின் பக்கமே சொல்வேன். பேசத் தெரியாத வயதில் ஒருத்தியின் விதியை முடித்து வைப்பதை எந்தக் கலையின் பெயராலும் நியாயப்படுத்த இயலாது. ஆனால் எதிர்த்தவர்கள் அஞ்சியது பொய்யான அச்சம் இல்லை. 1932இன் இறுதியில், தேவதாசிகள் ஆடிவந்த சதிர் ஆட்டம் பற்றி, அதை ஆதரித்த ஈ. கிருஷ்ண ஐயரும் முத்துலட்சுமியும் பத்திரிகைகளில் கடுமையாக மோதிக்கொண்டார்கள். சில ஆண்டுகளுக்குள் அந்த ஆட்டம் பரதநாட்டியம் என்ற பெயரோடு சபா மேடைகளில் ஏறியது. 1935இல் ருக்மிணி தேவி அடையாற்றில் ஆடினார், அடுத்த ஆண்டு கலாக்ஷேத்திரம் வந்தது. பாலசரஸ்வதி போன்ற மிகச் சிலரைத் தவிர, அதைத் தலைமுறை தலைமுறையாகக் காத்துவந்த குடும்பத்துப் பெண்கள் மேடையிலிருந்து மறைந்தார்கள். கலை பிழைத்தது, கலைக்காரி பிழைப்பை இழந்தாள். இந்த இழப்பையும் பதிவு செய்கிற நூல் முத்துலட்சுமியின் உருவத்தைச் சிறிதாக்காது. அவர் எடுத்த முடிவுக்கு என்ன எடை இருந்தது என்பதை அப்போதுதான் பிள்ளைகள் உணர்வார்கள். எதிர்ப்பே இல்லாத வெற்றியில் துணிச்சலுக்கு என்ன வேலை?

இந்த வரலாற்றில் முத்துலட்சுமியோடு நிறுத்திவிடுவதும் ‘முதல்’ மோகத்தின் விளைவுதான். 1930இல் காந்தி கைதானதைக் கண்டித்து அவர் பதவி விலகினார். பொட்டுக் கட்டுவதை நேரடியாகத் தடுக்க அவர் கொண்டுவந்த மசோதா அப்படியே நின்றுபோனது. அது சட்டமாக 1947 வரை காத்திருக்க வேண்டியிருந்தது. 1930இல் எட்டு வயதில் பொட்டுக் கட்டப்பட்ட ஒரு சிறுமிக்கு, சட்டம் வரும்போது இருபத்தைந்து வயது ஆகியிருக்கும். அந்தப் பதினேழு ஆண்டுகளும் பிரச்சினையை ஊர் ஊராக உயிரோடு வைத்திருந்தவர்களில் மூவலூர் இராமாமிர்தம் அம்மையார் முக்கியமானவர். 1883இல் பிறந்தவர். வறுமையில் பெற்றோர் அவரைப் பத்து ரூபாய்க்கும் ஒரு பழைய புடவைக்கும் ஒரு தாசி வீட்டில் கொடுத்துவிட்டார்கள் என்று அவர் வாழ்க்கைக் கதை சொல்கிறது. அங்கே வளர்ந்து, பொட்டை மறுத்து, திருமணம் செய்துகொண்டார். முதலில் காங்கிரசிலும் பின்பு சுயமரியாதை இயக்கத்திலும் இருந்து, மாயவரம் வட்டாரத்தில் வீடு வீடாகப் போய்த் தம் குலத்துப் பெண்களிடமே பேசினார். 1936இல் தாசிகள் மோசவலை அல்லது மதிபெற்ற மைனர் என்ற நாவலை எழுதினார். தீர்மானங்களின் மொழியில் சொல்ல முடியாததை, உள்ளேயிருந்து பார்த்த ஒருத்தியின் கோபத்தோடு அந்த நாவல் சொல்லியது. 1938இல் இந்தி எதிர்ப்பில் திருச்சியிலிருந்து சென்னைக்கு நடந்தார், சிறை சென்றார், அப்போது அவருக்கு வயது ஐம்பத்தைந்து. இவரிடம் கல்லூரிப் பட்டம் இல்லை, அவைப் பதவி இல்லை, எந்த ‘முதல்’ பட்டியலிலும் சேர்க்க வசதியான தகுதி எதுவும் இல்லை. ஆகவேதான் மருத்துவரின் கதை புத்தகமாகும் வீட்டில் இவருடைய கதை ஒரு பத்தியோடு முடிந்துவிடுகிறது.

ஏழை வீட்டுப் பெண் ஒருத்திக்கு, முதலில் ஏறியவளைக் காட்டினால்தானே தானும் ஏறலாம் என்ற நம்பிக்கை வரும் என்று கேட்கலாம். நியாயமான கேள்வி. ஒரு வெள்ளை அங்கியும் ஒரு ஸ்டெதாஸ்கோப்பும் படத்தில் தெரிவதன் வலிமையை நான் மறுக்கவில்லை. ஆனால் முதலிடம் ஒருமுறை எடுக்கப்பட்டுவிட்டால் அடுத்து வருகிறவளுக்கு அதில் இடமில்லை. வாதாடுவது அப்படியில்லை, அதை நூறாவதாக வருகிறவளும் செய்யலாம், தோற்றுப்போகிறவளும் செய்யலாம்.

தமிழ்நாடு அரசு 1989இல் ஏழைப் பெண்களின் திருமண உதவித் திட்டத்துக்கு மூவலூர் இராமாமிர்தம் அம்மையாரின் பெயரை வைத்தது. 2022இல் அந்தத் திட்டம் உயர்கல்வி உறுதித் திட்டமாக மாறியது. அரசுப் பள்ளியில் படித்துவிட்டுக் கல்லூரியில் சேரும் மாணவிகளின் வங்கிக் கணக்கில் மாதம் 1,000 ரூபாய் சேர்கிறது. புதுமைப் பெண் என்று எல்லாரும் சுருக்கமாகச் சொல்லும் அதன் முழுப்பெயரை விண்ணப்பத்தில் வாசிக்கும் மாணவி, யார் இந்த அம்மையார் என்று கேட்டால், அவளுக்குக் கொடுக்க ஒரு நல்ல நூல் வேண்டும். அதன் முதல் பக்கத்திலேயே அந்தப் பத்து ரூபாயும் பழைய புடவையும் இருக்க வேண்டும்.