வெராபாஸ் மலையின் பச்சைப் பீலி

மயிலின் தோகை உண்மையில் அதன் வால் அன்று. வாலின் மேல் மூடி வளரும் இறகுகளே நீண்டு தோகையாகின்றன. இதே இயல்புடைய இன்னொரு பறவை உலகின் மறுபக்கத்தில், மத்திய அமெரிக்காவின் முகில் தவழும் மலைக்காடுகளில் வாழ்கிறது. கெட்சால் என்பது அதன் பெயர். பொன் கலந்த பச்சை உடல், குருதிச் சிவப்பு வயிறு, ஆணுக்கு மட்டும் உடலினும் நீண்டு தொங்கும் பச்சைப் பீலிகள். நம் மேற்குத் தொடர்ச்சி மலையின் தீக்காக்கை இதன் குடும்பத்தைச் சேர்ந்ததே என்றால் வாசகர்கள் வியக்கக்கூடும்.

நடுகல்லுக்குப் பீலி சூட்டி வணங்கிய மரபினர் நாம். ஆயினும் ஓர் இறகுக்கு ஆஸ்டெக் மக்கள் தந்த மதிப்பு நம்மையும் திகைக்க வைப்பது. அவர்களது நாவாட்ல் மொழியில் 'கெட்சாலி' என்றால் இந்த நீண்ட பீலி. அரியது, விலைமதிப்பற்றது என்றும் பொருள். அவர்கள் வணங்கிய கெட்சால்கோவாட்ல் பீலி பூண்ட பாம்புத் தெய்வம். அடங்கிய நாடுகள் கொக்கோ விதை, சிறுத்தைத் தோல் ஆகியவற்றோடு இப்பீலிகளையும் திறையாகச் செலுத்தின. இன்று வியன்னா அருங்காட்சியகத்தில் இருக்கும் இறகுத் தலையணியில் நானூற்றுக்கும் மேற்பட்ட கெட்சால் பீலிகள் உள்ளன. 1596ஆம் ஆண்டு ஆஸ்திரியப் பொருட்பட்டியல் ஒன்று அதனை 'மூர் தொப்பி' என்று குறித்தது. எங்கிருந்து வந்தது என்பது கூட அதற்குள் மறந்துவிட்டது போலும்!

இப்பீலிகள் கிடைத்த இடங்களுள் முதன்மையானது இன்றைய குவாத்தமாலாவின் வெராபாஸ் மலைநாடு. வாளால் வெல்ல இயலாமல் ஸ்பானியர் 'போர் நிலம்' என்று அழைத்த பகுதி அது. 1537ல் பர்த்தொலொமே தெ லாஸ் காசாஸ் என்னும் துறவி, படைவீரர் எவரும் உள்ளே நுழையக் கூடாது என்று ஆளுநரிடம் ஒப்பந்தம் பெற்று, சமயப்பணி வழியே அதனை அணுகினார். பின்னர் அதற்கு 'மெய்யமைதி' எனப் பொருள்படும் வெராபாஸ் என்ற பெயர் வழங்கலாயிற்று. இப்பறவையைக் கொன்றவர்க்கு அங்கே மரண தண்டனை விதிக்கப்பட்டதாக எழுதி வைத்தவரும் அவரே. பறவையைப் பிடித்து, நீண்ட பீலிகளை மட்டும் கொய்துகொண்டு பறக்கவிடுவது வழக்கமாம். ஆண்டுதோறும் இறகு உதிர்ந்து புதிதாய் முளைக்கும் என்பதை அம்மக்கள் நன்கறிந்திருந்தனர். இதனை வெறும் உயிர்க்கருணை என்று கொள்வதற்கில்லை. உயிரோடு இருக்கும்வரை மீண்டும் மீண்டும் பலன் தரும் செல்வத்தைக் காத்த சட்டம் என்பதே நம் கருத்து. கருணையைக் காட்டிலும் அக்கணக்கு உறுதியாக நின்றது.

கணக்கு மாறியது பத்தொன்பதாம் நூற்றாண்டில். 1832ல் பாப்லோ தெ லா யாவே என்னும் மெக்சிக அறிஞர் இதற்கு அறிவியற்பெயர் சூட்டினார். ஐரோப்பியச் சேகரிப்பாளர்களுக்குப் பீலி மட்டும் போதவில்லை. முழுத் தோலும் வேண்டியிருந்தது. தோல் வேண்டுமெனில் பறவை சாகவேண்டும். ஆங்கிலப் பறவையியலாளர் ஆஸ்பர்ட் சால்வின் 1861ல் 'ஐபிஸ்' இதழில் வெளியிட்ட கட்டுரை, வெராபாஸில் கெட்சால் சுட்ட அனுபவத்தைப் பற்றியதே. கொன்றவனைக் கொன்ற அதே மலையில்!

பத்தாண்டு கழிந்து, 1871ல், புரட்சி வழி ஆட்சிக்கு வந்த தாராளவாத அரசு கெட்சாலைக் குவாத்தமாலாவின் நாட்டுச் சின்னத்தில் ஏற்றியது. கூண்டில் அடைத்தால் உயிர்விடும் என்ற நம்பிக்கையால் அது விடுதலையின் உருவாயிற்று. (அந்நம்பிக்கை மிகை என்பதைப் பிற்கால உயிரியல் பூங்காக்கள் காட்டிவிட்டன.) அதே அரசுதான் வெராபாஸ் மலைகளைக் காப்பித் தோட்டங்களுக்குத் திறந்துவிட்டது. ஜெர்மானியத் தோட்ட முதலாளிகள் வந்தனர். கெக்சி மாயர்கள் தம் நிலத்திலேயே கட்டாயக் கூலிகளாயினர். 1925ல் நாணயமும் கெட்சால் என்றே பெயர் பெற்றது. பறவை கொடியிலும் காசிலும் ஏறியது. காடு தோட்டமாய் இறங்கியது. விடுதலைச் சின்னத்தின் கீழ் நடந்த இந்தக் கட்டாய உழைப்பைக் கண்டுகொள்ளாமல், சின்னத்தை மட்டும் புகழும் நூல்கள் நமக்கு அலுப்பூட்டுகின்றன.

காட்டுக்காக எழுந்த குரல் ஒரு பல்கலைக்கழகத்திலிருந்து வந்தது. சான் கார்லோஸ் பல்கலைக்கழகத்தின் உயிரியல் பேராசிரியர் மாரியோ தாரி ரிவேரா, புருல்ஹா ஊரருகே சுமார் ஆயிரம் ஹெக்டேர் முகில்காட்டைக் கெட்சாலின் புகலிடமாக்க 1970களில் முன்னின்று உழைத்தார். அப்போது நாட்டில் உள்நாட்டுப் போர். 1960 முதல் 1996 வரை நீண்ட அப்போரில் இரண்டு லட்சம் பேர் மாண்டனர் அல்லது காணாமற்போயினர். அப்பல்கலைக்கழகமும் ஆசிரியர்களையும் மாணவர்களையும் இழந்துகொண்டிருந்தது. 1981ல் அதன் தலைமைப் பொறுப்பேற்ற தாரி, அவ்வாண்டு டிசம்பரிலேயே படுகொலை செய்யப்பட்டார். அக்காடு இன்று அவர் பெயரைத் தாங்கி நிற்கிறது.

ஆயினும் கெட்சால் அந்த எல்லைக்குள் அடங்குவதில்லை. உளுத்த மரத்தின் பொந்தில் குஞ்சு பொரித்து முடித்ததும், காட்டு வெண்ணெய்ப்பழம் போன்ற கனிகளைத் தேடி வேறு உயரத்துக் காடுகளுக்கு இடம்பெயர்வது அதன் இயல்பு. 1990ல் காப்பகமாக அறிவிக்கப்பட்ட சியேரா தெ லாஸ் மினாஸ் மலைத்தொடர் அருகிலேயே இருக்கிறது. இரண்டுக்கும் நடுவே எஞ்சிய காட்டுத் துண்டுகளை ஒரு வழித்தடமாக இணைக்க முயன்று வருகின்றனர். அத்துண்டுகளிற் பல, மலைவாழ் மாயச் சிற்றூர்களின் நிலத்திலும் தனியார் நிலத்திலும் உள்ளன.