ஒப்புக்கு ஒரு சண்டை

2016-ல சித்திரை பிறந்த சமயம். விடியக்காலை மாட்டுக்குத் தண்ணி காட்டப் போகும்போது போனைத் திறந்தா, என் தங்கச்சி மகன் ஒரு போட்டோ அனுப்பியிருந்தான். அவன் அப்போதான் அமெரிக்காவுல ஓஹையோ மாநிலத்துக்குப் படிக்கப் போன புதுசு. குதிரை லாடம் மாதிரி வளைஞ்ச ஒரு பெரிய ஸ்டேடியம். உள்ள எள்ளு போட்டா எள்ளு விழாது, அவ்வளவு ஜனம். எல்லாரும் சிவப்புச் சட்டை.

ராத்திரி கூப்பிட்டுக் கேட்டேன். "இன்னாடா இது, பைனல் மேட்சா?"

"இல்ல மாமா, இது மேட்சே இல்ல. பிராக்டீஸ். எங்க காலேஜ் டீம் ரெண்டா பிரிஞ்சு அவங்களுக்குள்ளயே ஆடுறாங்க. இத பாக்கத்தான் ஒரு லட்சம் பேர்."

கணக்கு சரியா சொன்னா 1,00,189 பேர். ஓஹையோ ஸ்டேட் யுனிவர்சிட்டியோட கொலம்பஸ் மைதானத்துல அன்னைக்கு வந்த கூட்டம் அது. அந்த நாட்டுல இந்த மாதிரி ஆட்டத்துக்கு அதுவரைக்கும் அவ்வளவு கூட்டம் சேர்ந்ததில்லை. நம்ம செஞ்சி பேரூராட்சியில 2011 கணக்குப்படி 27 ஆயிரம் பேர். அதுமாதிரி மூணே முக்கால் செஞ்சி, தோத்தாலும் ஜெயிச்சாலும் ஒண்ணுமில்லாத ஒரு ஆட்டத்தைப் பார்க்க உக்காந்திருக்குது. எனக்குச் சிரிப்பு வந்தது. கொஞ்ச நாள் கழிச்சுத்தான் சிரிக்க எனக்கு யோக்கியதை இல்லைன்னு தெரிஞ்சது.

அவங்க புட்பால்ங்கிறது நம்ம புட்பால் இல்லை. பந்தைக் கையில இடுக்கிக்கிட்டு ஓடுறது, எதிராளி மேல விழுந்து மடக்குறது. ஏறக்குறைய சடுகுடுவுக்குக் கவசம் மாட்டின மாதிரி. அணிக்கு 11 பேர். 1869-ல ரட்கர்ஸ், பிரின்ஸ்டன்னு ரெண்டு காலேஜ் மோதினதைத்தான் முதல் ஆட்டமா கணக்கு வைக்கிறாங்க. சீசன் ஆவணியில ஆரம்பிச்சு மார்கழி, தை வரைக்கும். அதுக்கப்புறம் பனி. மார்ச், ஏப்ரல்ல வெயில் வந்ததும் 15 நாள் பயிற்சிக்கு அனுமதி உண்டு. அந்தப் பயிற்சி முடியிற சமயத்துல ஒரு சனிக்கிழமை ஜனங்களைக் கூப்பிட்டு, டீமை ரெண்டா பிரிச்சு ஆடிக் காட்டுறது வழக்கம். பந்து வீசுற முக்கியமான ஆளுக்கு மட்டும் வேற கலர் சட்டை. அவனை யாரும் இடிச்சுத் தள்ளக் கூடாதுன்னு அர்த்தம். அலபாமாங்கிற ஊர்ல இன்னொரு வேடிக்கை: ஜெயிச்ச பாதிக்கு இறைச்சி விருந்து, தோத்த பாதிக்கு மொச்சை வேகவச்ச மாதிரி ஒரு சாப்பாடு. ஒரே டீம், ஒரே பந்தி, தட்டு மட்டும் வேற.

நாங்க சின்னப் பசங்களா இருந்தப்போ இதையேதான் செஞ்சோம். காணும் பொங்கல் அன்னைக்கு ஏரிக்கரை ஓரம் சடுகுடு. பக்கத்து ஊர் டோர்னமெண்டுக்குப் போறதுக்கு முன்னாடி எங்க டீமே ரெண்டா பிரியும், மேலத்தெரு, கீழத்தெருன்னு. ஊரே கரைமேல உக்காந்து பார்க்கும். நிஜ டோர்னமெண்டுக்கு நாலு பேர்கூட வர மாட்டாங்க, சைக்கிள் மிதிக்கணுமே. அதனால ஊர்ப் பெரியவங்களுக்கு எங்க ஆட்டம்னா அந்த ஒப்புக்கு ஆடுற ஆட்டம்தான். அதுல என் முட்டி பெயர்ந்ததுக்கு இன்னைக்கும் மழைக்கு முன்னாடி வலி வந்து தகவல் சொல்லும்.

ஆனா நான் எழுத வந்தது சடுகுடுவைப் பத்தி இல்லை. ஒப்புக்குச் சண்டை போட்டு அதை ஊரே பார்க்கிறதுல செஞ்சிச் சீமைக்காரன் அமெரிக்காக்காரனுக்கு மூத்தவன். பங்குனி, சித்திரை, வைகாசி மூணு மாசமும் இங்க பாரதம் நடக்கும். மத்தியானம் பாரதம் படிப்பாங்க, ராத்திரி கூத்து. அர்ச்சுனன் தபசு மரம் ஏறுவான். பதினெட்டாம் போர் அன்னைக்குக் காலையில படுகளம். மண்ணைக் குழைச்சு நாலு ஆள் நீளத்துக்கு மேல துரியோதனனை மல்லாக்கப் படுக்க வச்சு, வர்ணம் அடிச்சு, கண்ணு திறந்து விடுவாங்க. கூத்துக்காரங்க பீமனும் துரியோதனனுமா வேஷம் கட்டி, அந்த மண் உடம்பைச் சுத்திச் சுத்தி ஓடுவாங்க. சில சமயம் கூட்டத்துக்குள்ளயே துரத்திக்கிட்டு வந்துடுவாங்க. பிள்ளைங்க அலறும். கடைசியில பீமன் தொடையில அடிப்பான். திரௌபதி கூந்தல் முடிவா. சாயங்காலம் தீமிதி.

மூணே முக்கால் கிலோமீட்டர் தள்ளியோ ஏழெட்டு கிலோமீட்டர் தள்ளியோ இதே படுகளம் இன்னொரு ஊர்லயும் நடக்கும். ஆனா இதுக்கெல்லாம் தாய்வீடு செஞ்சிக்குப் பக்கத்துல இருக்கிற மேலச்சேரி. பழைய செஞ்சின்னும் சொல்வாங்க. அங்க இருக்கிற திரௌபதியம்மன் கோயில்தான் ஆதிக் கோயில்னு மத்த ஊர்க்காரங்களும் ஒத்துக்குவாங்க. ஆல்ஃப் ஹில்டபைட்டல்னு ஒரு அமெரிக்கப் பேராசிரியர் இங்க வந்து ஊர் ஊரா படுகளம் பார்த்து, திரௌபதி வழிபாட்டைப் பத்திப் பெரிய புஸ்தகம் எழுதினார். முதல் பாகம் 1988-ல வந்தது. அதோட தலைப்புலயே செஞ்சியும் குருக்ஷேத்திரமும் பக்கத்துல பக்கத்துல இருக்கும். அம்மனுக்குக் காவல் நிக்கிறவங்க ரெண்டு பேர். ஒருத்தர் போத்துராஜா, இன்னொருத்தர் முத்தால ராவுத்தர். பாரதக் கதையில ராவுத்தர் எப்படி வந்தார்னு வெளியூர்க்காரங்க கேட்பாங்க. செஞ்சியில பிறந்தவன் கேட்க மாட்டான். இங்க ராஜா தேசிங்குக்கு உயிர்த்தோழன் மகபத்கான். 1714-ல ரெண்டு பேரும் ஒரே சண்டையில செத்தாங்க.

ஏன் இந்த மூணு மாசத்துல? நவரை அறுப்பு முடிஞ்சுடும், மணிலாக்கொட்டை பிடுங்கி காயவச்சாச்சு, மூட்டை கமிட்டிக்குப் போயாச்சு. கையில கொஞ்சம் காசு, கழனி காலி. காலி நிலம் இல்லாம படுகளம் இல்லை. மண்ணுக்குக் குழி தோண்டணும், ஜனம் நிக்கணும், நெருப்புக்குழி எடுக்கணும். அமெரிக்காவுலயும் சீசன் இல்லாத மாசத்துலதான் அந்தப் பயிற்சி ஆட்டம் வருது.

கோட்டைக்குள்ளயும் ஒரு பயிற்சி இருந்திருக்குது. கல்யாண மகால் பக்கம் போனீங்கன்னா தானியக் களஞ்சியத்தோட சேர்த்து உடற்பயிற்சிக் கூடம்னு ஒரு கட்டடத்துக்குப் போர்டு இருக்கும். 2025 ஜூலையில யுனெஸ்கோ மராட்டியர் கோட்டைகளோட நம்ம கோட்டையையும் சேர்த்த பிறகு கூட்டம் கூடிப்போச்சு, எல்லாரும் ராஜகிரி மேல ஏறி செல்பி எடுத்துட்டு இறங்குறாங்க. அந்தக் கூடத்துல நின்னு பார்க்கிறவங்க கம்மி. செஞ்சி நாயக்கர்களுக்கு மேல இருந்தது விஜயநகரம். அங்க மகாநவமிக்கு ராஜா முன்னாடி மல்லர்கள் பல் தெறிக்க மோதினதையும், கடைசியில படையை நிறுத்தி ராஜா பார்வையிட்டதையும் பயஸ்னு ஒரு போர்ச்சுகீசியர் 1520 வாக்குல பார்த்து எழுதி வச்சிருக்கார். நிஜச் சண்டை இல்லாத நாள்லயும் சண்டையை ஜனங்களுக்குக் காட்டணும்னு ராஜாக்களுக்குத் தெரிஞ்சிருக்குது.

இதே கோட்டையில நடந்த இன்னொரு ஒப்புச் சண்டை உண்டு, அதை நினைச்சாத்தான் எனக்கு வயிறு எரியும். 1690-ல மொகலாயத் தளபதி ஜுல்பிகார் கான் செஞ்சியை முற்றுகை போட்டான். உள்ள சிவாஜியோட மகன் ராஜாராம். கோட்டை விழுந்தது 1698-ல. எட்டு வருஷம்! மூணு மலை, சுத்திலும் மதில், மராட்டியர் வெளியில இருந்து தாக்கினது எல்லாம் காரணம்தான். ஆனா மொகலாய முகாமிலேயே இருந்த பீம்சேன்ங்கிறவர் எழுதி வச்சுட்டுப் போன குறிப்புல, தளபதி நினைச்சிருந்தா வந்த அன்னைக்கே பிடிச்சிருக்கலாம், வேணும்னேதான் இழுத்தடிச்சான்ங்கிற மாதிரி சொல்லியிருக்கார். பாதுஷா ஔரங்கசீப்போ கிழவர். அவருக்குப் பிறகு தனக்கு ஒரு இடம் வேணும்னு தளபதி ராஜாராமோட உள்ளுக்குள்ள கை கோத்துக்கிட்டான்னு அப்பவே பேச்சு. கோட்டை விழுறதுக்கு முன்னாடி ராஜாராம் தப்பிச்சும் போயிட்டார்.

1692 கடைசியில மராட்டியர் வழியை அடைச்சதுல மொகலாய முகாமுக்கே தானியம் இல்லாம போயி, வந்தவாசிக்குப் பின்வாங்கினாங்க. படைக்கே சோறு இல்லைன்னா ஊருக்கு? எட்டு வருஷம் குதிரைக்குத் தீவனமும் ஆளுக்கு நெல்லும் சுத்துப்பட்ட கழனியில இருந்துதானே போயிருக்கும். தேசிங்கு பாட்டு இருக்குது, அந்த எட்டு வருஷம் உழுதவனுக்கு ஒரு பாட்டும் நான் கேட்டதில்லை. சண்டை ஒப்புக்கு, பசி நிஜம். படுகளத்துல அப்படி இல்லை. மண் துரியோதனன் செத்ததும் அவன் உடம்பு மண்ணுல ஒரு பிடி எடுத்து எங்கம்மா முந்தானையில முடிஞ்சுக்கிட்டு வந்து நெல் குதிர்ல போடுவாங்க. அந்தச் சாவுல இருந்து வீட்டுக்கு ஏதோ ஒண்ணு வந்து சேரும்.

தங்கச்சி மகன் சொன்னதுல எனக்கு மறக்காதது ஒண்ணு. 2013-ல நெப்ராஸ்கா காலேஜோட பயிற்சி ஆட்டம். அது முழுக்க விவசாய மாநிலம், மக்காச்சோளமும் மாடும்தான். நிஜ மேட்சுக்கு அவங்க ஸ்டேடியத்துல டிக்கெட் மிச்சம் விழுறதே கிடையாதாம். அன்னைக்கு 60 ஆயிரம் பேர். மூளையில புத்துநோய் வந்த ஏழு வயசுப் பையன் ஒருத்தனுக்கு அந்த டீம் சட்டையைப் போட்டு, கையில பந்தைக் கொடுத்தாங்க. அவன் 69 கெஜம் ஓடினான். மலை மலையா இருக்கிறவனுங்க மடக்கிற மாதிரி பாவனை பண்ணிக்கிட்டே கூட ஓடினாங்க. எல்லையைத் தொட்டதும் ரெண்டு பக்கமும் வந்து அவனைத் தூக்கிக்கிட்டாங்க. வீடியோவைப் பார்த்தப்போ என் வீட்டுக்காரி அடுப்பை அணைச்சுட்டு வந்து உக்காந்தா. நிஜ மேட்சுல இதைச் செய்ய முடியுமா? ஒப்புக்கு ஆடுறதால முடிஞ்சது. அந்தப் பையன் 2025 ஜனவரியில, 19 வயசுல இறந்துட்டான்.

அதே 2025-ல நெப்ராஸ்கா அந்த ஆட்டத்தையே வழக்கம்போல நடத்தலை. டெக்சஸும் நிறுத்திடுச்சு. நெப்ராஸ்கா சொன்ன காரணத்தைக் கேட்டா ஆச்சரியமா இருக்கு. 2021-ல இருந்து காலேஜ் ஆட்டக்காரங்க தங்க பேரை வச்சுக் காசு வாங்கலாம்னு ஆச்சு. ஒரு காலேஜை விட்டு இன்னொண்ணுக்குத் தாவுறதும் சுலபமாச்சு. நல்லா ஆடுற பையனை ஏப்ரல்ல எல்லாருக்கும் காட்டினா, அடுத்த காலேஜ்காரன் பார்த்துட்டு கூடுதல் காசு கொடுத்துக் கொத்திக்கிட்டுப் போயிடுவான்னு அப்போ பயம். அதனால மறைச்சு வச்சாங்க. சந்தைக்கு ஓட்டிப் போகாத மாட்டைக் கொட்டகையிலயே கட்டி வைக்கிற மாதிரி. அவங்க பக்கம் நியாயம் இருக்குது. ஆனா வருஷத்துக்கு ஒரு தடவை புள்ளைங்களைத் தோள்ல தூக்கிக்கிட்டு வந்த சம்சாரிக்கு இன்னா பதில்?

எங்க ஊர்ல படுகளம் ரெண்டு வருஷமா நடக்கலை. காசு ஒரு காரணம்னு சொன்னாங்க, நிஜக் காரணம் நிலம். தலைமுறை தலைமுறையா துரியோதனன் படுத்த கொல்லையைப் பங்காளிங்க வித்துட்டாங்க, இப்போ அங்க மஞ்சக் கல்லு நட்டு மனை போட்டிருக்கு. அவங்க மேல எனக்குக் கோவம் இல்லை, பொண்ணு கல்யாணம், கடன், எல்லாருக்கும் இருக்கிறதுதான். கோயில்ல கூட்டம் போட்டப்போ, பக்கத்துல காலி நிலம் யாருதுன்னு கேட்டாங்க. எல்லாரும் என்னைப் பார்த்தாங்க. கோயிலுக்குத் தெக்கால அரை ஏக்கர், என்னுது. மணிலா பிடுங்கினதும் எள்ளு விதைக்கலாம்னு விதை வாங்கி வச்சிருந்தேன். குழி தோண்டி, மண் மிதிச்சு, ஆயிரம் பேர் நின்னு, நெருப்பும் போட்டா மேல்மண்ணு கெட்டுப்போகும். அடுத்த ஆடிப்பட்டத்துக்கே சரியா வருமான்னு சொல்ல முடியாது. என் மகன் பட்டுன்னு வேணாம்னான். அவன் கணக்கு தப்பில்லை.

நான் உடனே பதில் சொல்லலை. மூணு நாள் யோசிச்சேன். நாலாம் நாள் என் மகனே வந்து, "அந்தக் கிழக்கு மூலையில நெருப்புக்குழி எடுக்கச் சொல்லுப்பா, அங்க எப்படியும் களர், ஒண்ணும் விளையாது"ன்னான். எள்ளு விதையைத் திருப்பிக் கொடுத்தேன், கடைக்காரர் வாங்கிக்கிட்டார், கிலோவுக்குப் பத்து ரூபா கழிச்சுக்கிட்டு.

வர்ற வெள்ளிக்கிழமை மண்ணுக்கு ஆள் வராங்க. தங்கச்சி மகன் வீடியோ கால்ல காட்டச் சொல்லியிருக்கான், அவனோட வேலை செய்யற ரெண்டு அமெரிக்காக்காரங்களும் பார்க்கணுமாம். துரியோதனனுக்குத் தலை வடக்கயா தெக்கயான்னு பெரியவங்களுக்குள்ள இன்னும் தகராறு முடியலை, அதைக் கேட்டுட்டு வரணும்.