சோழனைச் சிறை வைத்த கோப்பெருஞ்சிங்கன்

கி.பி. 260-ல் ரோமப் பேரரசன் வலேரியன் பாரசீக மன்னன் ஷாபூரிடம் உயிரோடு பிடிபட்டான். கைதியாகவே செத்தும் போனான். பேரரசனே கைதியாவது அடிக்கடி நடக்கிற விஷயம் அல்ல. ஆனால் நம் கடலூர்ப் பக்கத்திலும் அப்படி ஒன்று நடந்திருக்கிறது. கைதியானவன் மூன்றாம் ராஜராஜ சோழன். பிடித்தவன் அவனுக்கு அடங்கிய ஒரு சிற்றரசன்!

அந்தச் சிற்றரசன்தான் காடவர் குலத்துக் கோப்பெருஞ்சிங்கன். காடவர்கள் தங்களைப் பல்லவர் வழிவந்தவர்கள் என்று சொல்லிக்கொண்டார்கள். சோழர்களிடம் அதிகாரிகளாக இருந்தபடியே நடுநாட்டில் மெல்ல வேரூன்றினார்கள். பாண்டியர் கொடுத்த அடியில் சோழ அரசு தள்ளாடியபோது கோப்பெருஞ்சிங்கன் துணிந்துவிட்டான். வந்தவாசி அருகே தெள்ளாற்றில் சோழனை வென்று, அரச சின்னங்களைப் பறித்து, சேந்தமங்கலத்தில் அடைத்தான். இது 1231 வாக்கில் நடந்தது. சேந்தமங்கலம் உளுந்தூர்பேட்டைக்கு அருகில் இன்றும் இருக்கும் ஊர்தான்.

அடுத்து நடந்ததைக் கடலூரை ஒட்டிய திருவந்திபுரம் பெருமாள் கோயில் கல்வெட்டு விவரமாகச் சொல்கிறது. செய்தி கேட்ட ஹொய்சள மன்னன் இரண்டாம் நரசிம்மன், சோழனை மீட்கும்வரை எக்காளம் ஊதுவதில்லை என்று சபதம் செய்தானாம். அவன் அனுப்பிய தளபதிகள் அப்பண்ணனும் சமுத்திர கோப்பையனும் வழியெல்லாம் ஊர்களை அழித்தார்கள். சிதம்பரத்தில் நின்று பொன்னம்பலத்தாரைக் கும்பிட்டார்கள். பிறகு திருப்பாதிரிப்புலியூரில் முகாம் போட்டு, திருவதிகைப் பக்கத்து ஊர்களையும் கொளுத்தினார்கள். சாமி கும்பிட்ட கையோடு இது! சண்டை அரசர்களுக்குள், எரிந்தது குடியானவன் வீடு. இதைக் கல்வெட்டு வெட்கப்படாமல் பெருமையாகவே எழுதி வைத்திருக்கிறது.

படை சேந்தமங்கலத்தை நெருங்கியதும் கோப்பெருஞ்சிங்கன் சோழனை விடுவித்தான். அத்தோடு அவன் கதை முடிந்திருக்க வேண்டும் அல்லவா? முடியவில்லை. 1243 முதல் கோப்பெருஞ்சிங்கன் பெயரில் தனி ஆட்சியாண்டுக் கணக்கோடு கல்வெட்டுகள் வருகின்றன. பட்டம் 'சகலபுவனச் சக்கரவர்த்தி'! இவன் முன்னவனின் மகன் என்பது பல அறிஞர்களின் முடிவு. இருவரும் ஒருவரே என்போரும் உண்டு.

தில்லைக் கோயிலின் கிழக்குக் கோபுரம் இவன் பணி என்று, எங்கோ ஆந்திராவில் உள்ள திரிபுராந்தகத்துக் கல்வெட்டு சொல்கிறது. அதன் வாசலில் 108 நாட்டியக் கரணச் சிற்பங்களைப் பார்த்திருப்பீர்கள். பின்னர் ஜடாவர்மன் சுந்தரபாண்டியன் சேந்தமங்கலத்தை முற்றுகையிட்டுப் பிடித்தான். ஆனாலும் நாட்டை இவனிடமே திருப்பிக் கொடுத்தான். 1279 வாக்கில் காடவர் ஆட்சி மறைகிறது. கடைசிச் சோழன் மூன்றாம் ராஜேந்திரனின் கல்வெட்டுகளும் அதே சமயத்தில்தான் நின்றுபோகின்றன.