நான்கு விநாடியில் ஒரு முடிவு: சுபேதார் சுப்பிரமணியன்

'அமரன்' படத்தை நம் குடியிருப்பில் அநேகமாக எல்லோரும் பார்த்திருப்பீர்கள். மேஜர் முகுந்த் வரதராஜனின் உடல் 2014 ஏப்ரல் 28 அன்று ராணுவ மரியாதையுடன் தகனம் செய்யப்பட்டது நம் பெசன்ட் நகர் மயானத்தில்தான். அவருக்கு 70 ஆண்டுகளுக்கு முன்பே, ஏறக்குறைய அதே தகுதியுள்ள விருதைப் பெற்ற இன்னொரு தமிழர் இருக்கிறார். காஞ்சிபுரம் அருகே உள்ள கீழ் ஒட்டிவாக்கத்தைச் சேர்ந்த சுபேதார் சுப்பிரமணியன்.

இவர் பணியாற்றியது 'மெட்ராஸ் சேப்பர்ஸ்' என்ற பொறியாளர் படையில். 1780-ல் தொடங்கிய இந்தப் படைக்கு இன்று பெங்களூருதான் தலைமையகம். பாலம் கட்டுவது, பாதை போடுவது, கண்ணிவெடிகளை அகற்றுவது இவர்கள் வேலை. ராணுவத்தில் இவர்களுக்குச் செல்லப் பெயர் என்ன தெரியுமா? 'தம்பி'!

இரண்டாம் உலகப் போரில் சுப்பிரமணியனின் 11வது ஃபீல்டு பார்க் கம்பெனி இத்தாலிக்குப் போனது. 1944 தொடக்கத்தில் நேச நாட்டுப் படைகள் ரோம் நகரை நோக்கி முன்னேற முயன்றன. வழியில் மான்டே காசினோ மலையில் ஜெர்மானியர்கள் அரணமைத்திருந்தார்கள். பிப்ரவரி மாதம் அங்கே நம் இந்திய வீரர்கள் பலர் உயிர் இழந்தார்கள். காசினோவுக்குத் தெற்கே, நேப்பிள்ஸிலிருந்து ரோமுக்குப் போகும் சாலையில் இருப்பது மிக்னானோ. அந்தப் பகுதியெங்கும் கண்ணிவெடிகள்.

பிப்ரவரி 24. கண்ணிவெடி நிலத்தில் அடிபட்டுக் கிடந்தவர்களை மீட்க வேண்டும். சுப்பிரமணியன் கண்டறியும் கருவியுடன் முன்னால் நடந்து பாதையைத் திறந்துகொண்டே போனார். அவருக்குப் பின்னால் சில வீரர்கள். அவர்களில் ஒருவரின் கால் ஒரு கண்ணிவெடி மேல் பட்டுவிட்டது.

அந்தக் காலத்துக் கண்ணிவெடிகளில் சில, மிதித்தவுடன் வெடிக்காது. சுமார் நான்கு விநாடி கழித்துத்தான் வெடிக்கும். ஜெர்மானியர்களின் 'எஸ்' வகை வெடி இடுப்பளவு உயரத்துக்குத் துள்ளி எழும்பி, நாலாபக்கமும் இரும்புக் குண்டுகளைச் சிதறடிக்கும். சுற்றி நிற்பவர்கள் தப்புவது கடினம். தன் தொழிலில் தேர்ந்த சுப்பிரமணியனுக்கு அந்த நான்கு விநாடிக் கணக்கு நன்றாகத் தெரியும். அந்த நேரத்தில் அவர் தரையில் குப்புறப் படுத்துத் தன்னைக் காத்துக்கொள்ளப் பார்த்திருக்கலாம். அவரோ அந்த வெடியின் மீதே பாய்ந்து படுத்தார். அவர் உயிர் போனது. உடன் வந்தவர்கள் பிழைத்தார்கள்.

அவருக்கு ஜார்ஜ் கிராஸ் விருது 1944 ஜூன் 30 அரசிதழில் அறிவிக்கப்பட்டது. இந்த விருதை நேரடியாகப் பெற்ற முதல் இந்தியர் அவர்தான்.

விக்டோரியா கிராஸ் ஏன் தரவில்லை என்று நீங்கள் கேட்கலாம். அது எதிரியை நேருக்கு நேர் எதிர்த்துக் காட்டும் வீரத்துக்கு. எதிரி முன்னால் இல்லாதபோது காட்டும் வீரத்துக்காக 1940-ல் ஏற்படுத்தப்பட்டது ஜார்ஜ் கிராஸ். மதிப்பில் இரண்டும் சமம். சுதந்திர இந்தியாவிலும் இந்தப் பிரிவு தொடர்கிறது. போர்க்களத்தில் எதிரியின் முன் காட்டும் வீரத்துக்குப் பரம் வீர் சக்ரா, மற்ற இடங்களில் காட்டும் உச்ச வீரத்துக்கு அசோக சக்ரா. காஷ்மீரின் ஷோபியானில் 2014 ஏப்ரல் 25 அன்று பயங்கரவாதிகளுடன் மோதி உயிர் நீத்த முகுந்துக்குக் கிடைத்தது அசோக சக்ராதான். அவர் பட்டப்படிப்பு படித்ததும் காஞ்சிபுரத்தை ஒட்டிய ஏனாத்தூரில்!

முகுந்தை நம் பிள்ளைகளுக்குச் சினிமா அறிமுகப்படுத்திவிட்டது. சுப்பிரமணியனுக்கு அந்த வாய்ப்பு இல்லை. அவர் போரிட்டது வெள்ளைக்காரன் அரசுக்காகத்தானே என்று சிலர் சொல்லலாம். அந்த அரசு போய்விட்டது. ஆனால் அந்த நான்கு விநாடியில் அவர் காப்பாற்றியது அரசை அல்ல, கூட வந்த மனிதர்களை.

அடுத்த முறை கடற்கரைச் சாலையில் கோட்டைக்குத் தெற்கே உள்ள போர் நினைவுச் சின்னத்தைக் கடக்கும்போது, காரில் இருக்கும் பிள்ளைகளுக்கு இந்தக் கதையைச் சொல்லுங்கள். உங்கள் வீட்டுத் தாத்தாவோ மாமாவோ ராணுவத்தில் இருந்திருந்தால், அவர்களைப் பற்றி நம் இதழுக்கு நீங்களே எழுதுங்கள். எழுதி வைக்காத பெயர்கள் இரண்டு தலைமுறைக்கு மேல் நிற்பதில்லை.